இடம் போதவில்லை

மலைக்கு அந்தப் பக்கம் ரஷ்யா.
இந்தப் பக்கம் நான்,
பதினெட்டு டன் மாண்டரின் ஆரஞ்சு,
எனக்கு முன்னால் இருநூற்றுப் பதிமூன்று லாரிகள்.

கணவாயில் பனிச்சரிவு. இது நாலாவது இரவு.
எல்லைச் சாவடியின் வரிசைச் செயலி
புதுப்பித்துக்கொள் என்கிறது.
புதுப்பிக்காதவனுக்கு
காலையில் டோக்கன் கிடையாதாம்.
ஒன்றே கால் ஜிபி வேண்டும்.
என்னிடம் இருப்பது நாற்பது எம்பி.

படங்களை அழிக்கலாமே என்றது போன்.
மகள் தேக்லேயின் பல் விழுந்த வாய்,
பட்டறைக்காரனிடம் காட்டவேண்டிய
விரிசல் விட்ட அச்சு,
கையெழுத்தில்லாத மூன்று ரசீதுகள்.
இவற்றில் கைவைக்க மாட்டேன்.

மிச்சம் ஆட்டங்கள்தான்.
ஒவ்வொன்றும் ஒரு காத்திருப்பில் வந்து குடியேறியது.
சும்மா பத்து நிமிஷத்துக்கு என்று இடம் கொடுத்தேன்,
மடத்தைப் பிடுங்கிக்கொண்டன.

விரலை அழுத்திப் பிடித்தால்
திரையில் எல்லாம் நடுங்குகின்றன.
ஆட்டங்களே ஆட்டம் காண்பதை
அன்றுதான் உற்றுப் பார்த்தேன்.

மிட்டாய் அடுக்குவது முதலில் போயிற்று.
அறுநூற்றுப் பதினோராம் கட்டம்;
அங்கே ஒரு நீல மிட்டாய்
இரண்டு குளிர்காலமாக என்னை மதிக்கவில்லை.

அடுத்தது லாரி ஓட்டும் ஆட்டம்.
சிரிக்காதீர்கள்.
அதில் எல்லை உண்டு, வரிசை கிடையாது.
காவலன் கையசைப்பான், போய்க்கொண்டே இருக்கலாம்.

பிறகு கோழிப்பண்ணை. தேக்லே போட்டுக் கொடுத்தது.
எடைமேடையில் அதிகாலை மூன்று மணிக்கு
'உங்கள் கோழிகள் பசியோடு இருக்கின்றன' என்று
என்னை எழுப்பும்.
நான் சாப்பிடாத ஒரு நாளில்கூட
அவற்றுக்குத் தீனி போட்டிருக்கிறேன்.
'எல்லாத் தரவும் அழிந்துவிடும்' என்றது.
பன்னிரண்டு கோழிகள், ஒரு வான்கோழி.
சரி என்று தொட்டேன்.

இன்னும் முந்நூறு எம்பி வேண்டுமாம்.

கடைசியில் டாங்கி.
அது மட்டுமே இரண்டு ஜிபி.
முதலிலேயே இதில் கைவைத்திருந்தால்
கோழிகள் பிழைத்திருக்கும்.

ஏன் கடைசிவரை தள்ளிப்போட்டேன் என்றால்,
இரண்டு லாரி முன்னால் ஓர் ஆர்மீனியன் இருக்கிறான்.
சுடுதண்ணீர் பிடிக்கப் போகும்போது
தலையசைத்துக்கொள்வோம், அவ்வளவுதான்.
ஒருநாள் அவன் திரையைப் பார்த்துவிட்டேன்.
என் இடப்பக்கம் ஒரு வாரமாக நின்று
குண்டு வாங்கிக்கொண்டிருந்த டாங்கி அது.
அவனும் என் திரையைப் பார்த்தான்.
இருவரும் ஒன்றும் சொல்லவில்லை.
அன்றிலிருந்து இரவு ஒன்பது மணி என்பது
எங்களுக்குள் எழுதாத ஒப்பந்தம்.

மணி எட்டு ஐம்பத்தெட்டு.
அழித்தேன்.

ஒன்பதேகாலுக்குக் கதவில் ஓங்கி ஒரு குத்து.
பெயர் அர்தவாஸ்த் என்று அப்போதுதான் தெரிந்தது.
உடைந்த ரஷ்ய மொழியில் கத்தினான்:
எங்கே தொலைந்தாய்?
வலப்பக்கம் திறந்து கிடந்தது,
கொளுத்திவிட்டார்கள் என்னை!
மீசையில் பனி. கால்களில் வெறும் ரப்பர் செருப்பு.

பதில் சொல்ல எனக்கும் அந்த மொழி போதாது.
திரையைக் காட்டினேன்.
புதுப்பிக்கிறது, முப்பத்தொரு சதவீதம்.
அதையே வெறித்துப் பார்த்தான்.
பையிலிருந்து தன் போனை எடுத்தான்.
அதிலும் அதே வாசகம்: இடம் போதவில்லை.

ஏறி உட்கார் என்று இருக்கையைத் தட்டினேன்.
ஈரச் செருப்போடு ஏறினான்.
அவன் கட்டைவிரல் டாங்கியின் மேல்
சற்று நேரம் நின்றது.
பிறகு விலகி, படங்களுக்குப் போனது.
நூற்று நாற்பது படங்கள்,
எல்லாம் இந்த நாலு நாளில் எடுத்தவை.
பனி மூடிய லாரி. பனி மூடிய சக்கரம்.
பனி மட்டும்.
எதற்கு எடுத்தேனோ என்றான்,
அல்லது அப்படித்தான் எனக்குப் புரிந்தது.

அனைத்தையும் தேர்ந்தெடு. அழி.

துடைப்பான் ஒருமுறை கண்ணாடியைத் துடைத்தது.
பனி அங்கேயே இருந்தது.
ஆரஞ்சு ஒன்றை உரித்துப்
பாதியை அவனிடம் நீட்டினேன்.
வாங்கிக்கொண்டான்,
ஆனால் கோபம் இன்னும் தீரவில்லை.